யாருடைய முற்றத்தில் விழும்

1

வாக்குச்சீட்டு உறை வந்திருக்கிறது. இந்த நாட்டில் அது அடிக்கடி வரும். பள்ளிக்கூடத்துக்குப் புதுக் கூரை போடலாமா, வரியைக் கூட்டலாமா, அகதிகளுக்கு இன்னொரு கட்டடம் வேண்டுமா என்று எல்லாவற்றையும் எங்களிடம் கேட்பார்கள். சுவிஸுக்கு வந்து தலையும் நரைத்துவிட்டது, குடியுரிமையும் கிடைத்துவிட்டது. ஆனாலும் அரசாங்கத்து உறை ஒன்றைத் தபால்பெட்டியில் கண்டால் உடனே எடுக்கமாட்டேன். முதலில் என் பெயர்தானா என்று பார்ப்பேன். பிறகு அக்கம்பக்கம் பார்ப்பேன். மேலே வந்து கையைக் கழுவிவிட்டுத்தான் பிரிப்பேன். ஏன் கழுவுகிறேன் என்று எனக்கே தெரியாது.

உறை வந்த அன்றே யாழ்ப்பாணத்திலிருந்து மச்சாளும் கதைத்தார். என் அண்ணையின் மனைவி. அண்ணையின் ஆட்டைத் திவசம் நெருங்குகிறது. அவர் போய் ஒரு வருடம் ஆகப்போகிறது என்பதை நம்ப முடியவில்லை. எனக்கு லீவு இல்லை, வர முடியாது என்றேன். "ஓம், என்ன செய்யிறது" என்றார். பிறகு, அண்ணையின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு வந்து நின்ற நாட்களைப் பற்றி எழுதட்டோ என்று கேட்டேன். மச்சாள் ஒரு நிபந்தனை போட்டார்.

"ஊரையும் பேரையும் மாத்திப்போட்டு எழுது. அவரின்ரை பேர் எங்கையும் வரப்படாது."

ஆகவே வட்டுக்கோட்டைக்குப் போகிற பாதையில் ஓர் ஊர் என்று வைத்துக்கொள்ளுங்கள். இதில் வருகிற பெயர்கள் எல்லாம் நான் வைத்தவை. அண்ணையின் கட்டுரையையும் இங்கே முழுதாகத் தரமாட்டேன். தந்தால் என்ன என்று கேட்பீர்கள். அதைச் சொல்லத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

2

அண்ணை கச்சேரியில், அதாவது மாவட்ட அரச அலுவலகத்தில், கிளாக்கராக இருந்தவர். தேர்தல் வந்தால் எங்காவது ஒரு பள்ளிக்கூடத்துக்கு வாக்குச்சாவடிப் பொறுப்பாக அனுப்பிவிடுவார்கள். சண்டைக் காலத்துத் தேர்தல் ஒன்றில் காலையிலிருந்து பின்னேரம் வரை பெட்டியைக் காத்துக்கொண்டு இருந்திருக்கிறார். வாக்குப் போட ஒரு குருவியும் வரவில்லை. பின்னேரம் பெட்டிக்கு அரக்கு வைத்து அனுப்பிவிட்டு வீட்டுக்கு வந்தார்.

"பெட்டி வெறுமையாப் போச்சு. ஆனா அந்தத் தொகுதிக்கும் ஒரு மனிசன் பாராளுமன்றம் போயிட்டான்" என்று பின்னாளில் சொல்லிச் சிரிப்பார்.

அதற்குப் பிறகுதான் எழுதத் தொடங்கினார். சிறுசஞ்சிகைகளில், புனைபெயரில். இரண்டு சின்னப் புத்தகங்களும் வந்தன. வாசித்தவர்களில் பாதிப்பேர் அவரைப் பைத்தியம் என்றார்கள், மீதிப்பேர் ஆபத்தானவர் என்றார்கள். வாக்குரிமை என்பது எப்போதோ ஒருநாள் விரலில் மை பூசிக்கொண்டு மற்ற நாளெல்லாம் வாயைப் பொத்திக்கொள்ளும் ஒப்பந்தம் என்று எழுதினார். அந்தக் காலத்து ஊர்களில் ஓலையில் பெயரெழுதிக் குடத்தில் போட்டுக் குலுக்கி எடுத்ததுபோல் இன்றைக்கும் சீட்டுக் குலுக்கி ஆட்களை எடுக்கவேண்டும், ஒருமுறை வந்தவன் திரும்ப வரக்கூடாது என்றார். தேர்தலில் ஆசைப்பட்டவன் வருவான், சீட்டில் அகப்பட்டவன் வருவான், அகப்பட்டவனை நம்பலாம் என்பது அவருடைய வாதம்.

இவ்வளவும் எழுதிய மனிதர் ஒரு தேர்தலிலும் வாக்குப் போடாமல் விட்டதில்லை. "எல்லாத்தையும் திட்டிப்போட்டு, வெள்ளன எழும்பித் தோய்ஞ்சு, வெள்ளை வேட்டியோடை முதல் ஆளாப் போய் நிப்பார்" என்பார் மச்சாள். நான் ஒருமுறை இதைக் கேட்டேன். "கூரை ஒழுகுது எண்டு சொல்லுறவன் வீட்டை விட்டு ஓடோணுமே? ஒழுகுது எண்டுதான் சொன்னனான்" என்றார்.

என்னைப்போல் பயந்த பிறவி ஒன்றுக்கு இப்படி ஒரு அண்ணை. கடதாசியைக் கண்டாலே பயப்படுகிற காலத்தில் வளர்ந்தவள் நான். ஆமி வந்தால் ஒரு கடதாசி ஆபத்து, ஆமி போய் இயக்கம் வந்தால் இன்னொரு கடதாசி ஆபத்து. என்னத்தை எரிப்பது, என்னத்தைப் புதைப்பது என்று அம்மா கடதாசிக் கட்டோடு நிற்பா. அண்ணையோ அந்த நேரத்திலும் ஒரு மூலையில் இருந்து எழுதிக்கொண்டிருப்பார்.

3

எனக்குக் குடியுரிமை கொடுப்பதா இல்லையா என்று தீர்மானித்தது இந்த ஊர் மக்கள். எங்கள் ஊர்ச்சபையில் அப்போது அப்படித்தான் வழக்கம். உடற்பயிற்சி மண்டபத்தில் பொதுக்கூட்டம் வைத்து, ஊரவர்கள் கை தூக்குவார்கள்.

அதற்கு முன் ஒரு நேர்முகம். நான் முதியோர் இல்லம் ஒன்றின் சமையலறையில் வேலை செய்கிறேன். அங்கே எல்லாரும் எல்லாரையும் 'நீ' என்றுதான் சொல்வார்கள், நான் படித்த ஜெர்மன் அவ்வளவும் அந்தச் சமையலறையில் படித்தது. நேர்முகத்தில் ஊர்ச்சபைத் தலைவரைப் பார்த்து "நீ என்ன கேட்டாய்?" என்று கேட்டுவிட்டேன். மேசையைச் சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பு நல்ல சிரிப்பா கெட்ட சிரிப்பா என்று தெரியாமல் பல நாள் சோறு இறங்கவில்லை.

கூட்டத்தன்று விண்ணப்பித்தவர்களை வெளியே நிற்கச் சொன்னார்கள். பிள்ளைகளின் சப்பாத்துகள் அடுக்கிய நடைபாதையில் நானும் கணவரும் நின்றோம். கதவுக்கு அந்தப் பக்கம் பேக்கரியில் எங்களுக்குப் பாண் விற்பவள், என் மகன் மாறனுக்குப் படிப்பிக்கும் ஆசிரியர், மாடியில் குடியிருக்கும் கிழவர் எல்லாரும் இருக்கிறார்கள். நாங்கள் குப்பையை எந்த நாளில் வைக்கிறோம், எங்கள் சமையல் மணம் எவ்வளவு தூரம் போகிறது என்று அறிந்தவர்கள். இருந்தவர்கள் கதிரைகளை இழுக்கும் சத்தம் கேட்டது. பிறகு கதவைத் திறந்து கைகொடுத்தார்கள்.

அன்றே அண்ணைக்குச் சொன்னேன். வாழ்த்துவார் என்று பார்த்தால், "எத்தினை பேர் கை தூக்கேல்லை?" என்று கேட்டார்.

"நான் கேக்கேல்லை அண்ணை."

"அதைத்தானே பிள்ளை கேட்டிருக்கோணும். தூக்கினவையோடை சீவிக்கிறது சுகம். தூக்காதவையோடையும் நீ அந்த ஊரிலைதானே இருக்கப்போறாய்?"

இன்றைக்கும் பாண் கடைக்குப் போனால் அந்தப் பெண்ணின் கைகளைத்தான் பார்க்கிறேன். வலது கையா, தூக்கினதா, தூக்காததா. அண்ணை செய்த வேலை அது.

அந்த உரையாடலிலிருந்துதான் அவருடைய கடைசிக் கட்டுரை பிறந்தது. தலைப்பு 'முற்றம்'. அதன் சாரத்தை மட்டும் சொல்கிறேன். ஒரு தீர்மானம் யாருடைய முற்றத்தில் விழுமோ அவரைக் கேட்காமல் தலைகளை எண்ணாதே. இந்த ஒரு கோலை வைத்து எல்லாரையும் அளந்தார். சிங்களப் பெரும்பான்மையை அளந்தார், அது எங்களுக்குப் பிடிக்கும். பிறகு எங்களையே அளந்தார். சிறுபான்மை என்று அழுகிற நாங்கள் எங்கள் ஊரில் யாருக்குக் கிணற்றையும் கோயிலையும் பூட்டி வைத்தோம் என்று கேட்டார். எதிர்க்கை தூக்க ஒருவருக்கும் துணிவில்லாத இயக்கத்துக் கூட்டங்களில் தானும் இருந்ததை எழுதினார். கடைசியில் வெளிநாட்டில் இருந்துகொண்டு ஊருக்காகத் தீர்மானம் எடுக்கிற எங்களிடம் வந்தார். ஒருவரையும் மிச்சம் விடவில்லை. அதை வாசித்து முடித்ததும் கைபேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டு ஒரு கோப்பை தண்ணீர் குடித்தேன்.

கட்டுரையைக் கணினியில் தட்டச்சு செய்தவள் அண்ணையின் ஒரே மகள் சுபா. குடும்பத்து வாட்ஸப் குழுவிலும் அவள்தான் போட்டாள். அண்ணையின் புனைபெயருக்குப் பின்னால் அவளுடைய விரல்களும் இருக்கின்றன என்பது அப்போது எங்கள் ஒருவருக்கும் உறைக்கவில்லை.

4

அண்ணை நித்திரையிலேயே போய்விட்டார். எட்டாம் நாள் சடங்கான எட்டுச் செலவுக்கு முதல்நாள் போய்ச் சேர்ந்தேன். யாழ்ப்பாணம் பஸ் நிலையத்தடியில் முச்சக்கர வண்டிக்காரன் எந்த நாடு என்று கேட்டதற்குக் கொழும்பு என்று பொய் சொன்னேன். காலில் போட்டிருந்த சப்பாத்தைப் பார்த்துவிட்டு ஓம் ஓம் என்று சிரித்தான்.

அடுத்த வேலை கல்வெட்டு. யாழ்ப்பாணத்தவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை, மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு வருகிறவர்களின் கையில் கொடுக்கிற நினைவுப் புத்தகத்துக்கு எங்களிடம் கல்வெட்டு என்று பெயர். இறந்தவரின் படம், வாழ்க்கை வரலாறு, வம்சாவளி, தேவாரம் திருவாசகம் எல்லாம் அதில் வரும். வம்சாவளியில் யார் எந்த நாட்டில் என்று அடைப்புக்குறிக்குள் போடுவார்கள். எனக்கு அதுவே பயம். எங்கள் குடும்பம் முழுவதையும் ஒரே பக்கத்தில் காட்டிக்கொடுக்கிற படம் அது.

மச்சாள் ஒரு புது விஷயம் சொன்னார்.

"தேவாரத்துக்குப் பிறகு 'முற்றம்' கட்டுரையைப் போடச் சொன்னவர்."

"ஆர்?"

"உன்ரை கொண்ணைதான். தான் செத்தால் கல்வெட்டிலை அதைப் போடு எண்டவர். ஒருத்தரும் கல்வெட்டை எறியாயினம், சாமிப்படம் இருக்கெண்டு அலுமாரிக்குள்ளை வைப்பினம், எப்பவோ ஒருநாள் எடுத்து வாசிப்பினம் எண்டு கணக்குப் போட்டு வைச்சிருந்தவர்."

எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. சஞ்சிகைகளை மளிகைக்கடையில் சுருள் சுற்றப் போடுகிற சனம்தான் நாங்கள். ஆனால் சம்பந்தரும் அப்பரும் இருக்கிற புத்தகத்தைக் காலால் கூடத் தட்டமாட்டோம். தன் சாவையே ஒரு பதிப்பகமாக்கியிருக்கிறார் மனிதர். பிறகுதான் அது எத்தனை வீட்டு அலுமாரிகளுக்குள் போகும் என்று யோசித்தேன். சிரிப்பு நின்றுவிட்டது.

5

இரண்டு நாள் கழித்து அவர்கள் வந்தார்கள். காலை வெயில் ஏறுகிற நேரம். வாசல் படலையடியில் ஒரு மோட்டார்சைக்கிள் நின்றது. சாதாரண உடுப்பு, சாதாரண முகங்கள். ஒருவர் வடிவாகத் தமிழ் கதைத்தார், மற்றவர் கதைக்கவே இல்லை, முற்றத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். புலனாய்வுக்காரர் என்று யாரும் சொல்லத் தேவையில்லை. மச்சாள்தான் முன்னுக்குப் போனார்.

"ஐயா காலமானதைக் கேள்விப்பட்டனாங்கள். நல்ல மனிசன்" என்றார் கதைத்தவர். பிறகு என்னைப் பார்த்தார். "அக்கா எப்ப வந்தனீங்கள்?"

சொன்னேன்.

"சுவிஸ் என்ன? எத்தினை நாள் நிப்பியள்?"

நான் நாட்டின் பெயரை இன்னும் சொல்லியிருக்கவில்லை. "அந்தியேட்டி முடியப் போயிடுவன்" என்றேன். என் குரல் எனக்கே பள்ளிக்கூடப் பிள்ளையின் குரல்போல் கேட்டது.

"கல்வெட்டு அடிக்கிறியள்தானே? ஐயா எழுதுறவர் என்ன. எங்களுக்கும் ஒண்டு எடுத்து வையுங்கோ."

மச்சாள் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. "தேத்தண்ணி குடிச்சிட்டுப் போங்கோவன்" என்றார்.

"இல்லை அம்மா. துடக்கு வீட்டிலை குடிக்கக் கூடாதெல்லே."

மோட்டார்சைக்கிள் போன பிறகும் அந்த ஒரு சொல்தான் என்னை விட்டுப் போகவில்லை. மிரட்டியிருந்தால் கூட இவ்வளவு பயந்திருக்கமாட்டேன். செத்தவீட்டில் வாய் நனைக்கக் கூடாது என்று அறிந்த ஒருவன், எங்கள் வழக்கம் எல்லாம் தெரிந்த ஒருவன், எங்கோ எங்களைப்போல ஒரு வீட்டில் வளர்ந்தவன் அவன். அவனுடைய அலுமாரியிலும் யாருடைய கல்வெட்டோ இருக்கும்.

பின்னேரம் சுபா வேலையால் வந்தாள். அரச அலுவலகம் ஒன்றில் தற்காலிகமாக இருக்கிறாள், நிரந்தர நியமனத்துக்குக் காத்திருக்கிற நேரம். விஷயத்தைச் சொன்னதும் சைக்கிளை நிறுத்தாமல் பிடித்தபடியே நின்றாள்.

"என்ரை பேரைக் கேட்டவையோ மாமி?"

"இல்லைப் பிள்ளை."

"கேக்காட்டில் தெரியும் எண்டுதான் அர்த்தம்" என்றாள்.

6

குழுவில் எழுதினேன். கனடாவில் பெரியண்ணை, லண்டனில் தம்பி. நடந்ததைச் சொல்லி, கட்டுரையைப் போடுவதா விடுவதா என்று கேட்டேன். பெரியண்ணை வேண்டாம் என்றார். தம்பி வேண்டாம் என்றான், அதில் இயக்கத்தைப் பற்றி எழுதியிருப்பது லண்டனில் தனக்கும் தலையிடி என்றான். நானும் வேண்டாம் என்று போட்டேன். மச்சாளுக்குப் பக்கத்தில் இருந்துகொண்டே போட்டேன். பெருவிரல் படங்கள் வரிசையாக வந்து விழுந்தன.

மச்சாள் கைபேசியை எட்டிப் பார்த்தார்.

"என்ன, வாக்கெடுப்பு முடிஞ்சுதோ?"

"எல்லாரும் வேண்டாமாம் மச்சாள்."

"எல்லாரும் எண்டால் ஆர்? கனடாவிலை இருக்கிறவரின்ரை முற்றத்திலையோ மோட்டச்சைக்கிள் வந்து நிக்கப்போகுது?"

அவர் குரலை உயர்த்தவில்லை. அண்ணையின் கட்டுரையை ஒரு வரியும் விடாமல் விளங்கிக்கொண்டவர் அவர் ஒருவர்தான் என்று எனக்கு அப்போது பட்டது. அவர் சொன்னது நியாயம். இந்த வீட்டில் இருக்கப்போகிறவர்கள் மச்சாளும் சுபாவும் மட்டும். அவர்கள்தான் தீர்மானிக்கவேண்டும்.

ஆனால் அந்த இரண்டு பேருக்கும் ஒத்துப்போகவில்லை.

"அவர் வாயைத் திறந்து கேட்ட ஒரே விஷயம். செய்யாட்டில் நான் அந்தப் படத்துக்கு முன்னாலை என்னெண்டு விளக்குக் கொளுத்துறது?" என்றார் மச்சாள்.

"அப்பா போயிட்டார் அம்மா. நான் நாளைக்கு ஒப்பீசுக்குப் போகோணும்."

"அப்ப அப்பா எழுதினது பிழை எண்டுறியோ?"

"நான்தான் தட்டச்சு செய்தனான். பிழை எண்டால் செய்திருப்பனே?" சுபாவின் கண் நிறைந்துவிட்டது. "எனக்குப் பயமாக் கிடக்கு. அவ்வளவுதான்."

மூன்று நாள் வீட்டில் சோறும் கதையும் குறைந்தன. அச்சகத்திலிருந்து கேட்டுக்கொண்டே இருந்தார்கள். படலைப் பக்கம் எந்த மோட்டார்சைக்கிள் வேகம் குறைந்தாலும் நாங்கள் மூன்று பேரும் கை வேலையை நிறுத்திவிட்டு, அது போன பிறகு ஒருவர் முகத்தை மற்றவர் பார்க்காமல் வேலையைத் தொடருவோம். மச்சாள் மட்டும் பிடித்த பிடியை விடவில்லை. போடத்தான் வேணும், போடத்தான் வேணும் என்றே நின்றார். சுபா என்னிடம் வந்து, "அம்மாவுக்கு அப்பாவிலை இருக்கிற அன்பிலை கால்வாசி என்னிலை இல்லை மாமி" என்று சொல்லி அழுதாள். அப்படி இல்லை என்று சொன்னேன். எனக்கே அப்போது நம்பிக்கை இல்லை.

7

நாலாம் நாள் மச்சாளே ஒரு வழி சொன்னார். பூக்கட்டிப் பார்ப்போம்.

ஊரில் கலியாணப் பொருத்தத்துக்கும் காணி வாங்குவதற்கும் கோயிலில் செய்வதுதான். ஒரு பொட்டலத்தில் வெள்ளைப் பூ, மற்றதில் சிவப்புப் பூ. எது கையில் வருகிறதோ அதுதான் சாமியின் சொல். துடக்கோடு கோயிலுக்குப் போக முடியாது. அண்ணையின் படத்துக்கு முன்னால் முப்பத்தோராம் நாள் வரைக்கும் எரிகிற விளக்கு இருக்கிறதே, அதற்கு முன்னால் வைப்போம் என்றார்.

"அப்பா உதுகளை நம்பிறேல்லையே அம்மா" என்றாள் சுபா.

"சீட்டுக் குலுக்கோணும் எண்டு எழுதினவர்தானே. பூவும் சீட்டுத்தான்."

சிவப்புச் செவ்வரத்தை வந்தால் கட்டுரையைப் போடுவது, வெள்ளை நந்தியாவட்டை வந்தால் விடுவது என்று முடிவாயிற்று. சுபாவும் தலையாட்டினாள். மச்சாள் கிணற்றடிப் பக்கம் போய்ப் பூப் பறித்து, வாழையிலைத் துண்டில் சுற்றி, வாழைநாரால் கட்டிக்கொண்டு வந்து படத்துக்கு முன்னால் தட்டில் வைத்தார். இரண்டும் ஒரே அளவு, ஒரே கட்டு.

"நீ எடு" என்றார் என்னிடம்.

"நானோ? ஏன் நான்?"

"உனக்கு இஞ்சை முற்றம் இல்லை. அதாலை நீ எடுக்கலாம்."

படத்தில் அண்ணை எப்போதும்போல் ஏதோ மறுத்துச் சொல்லப்போகிற முகத்தோடு இருந்தார். உடற்பயிற்சி மண்டபத்துக் கதவுக்கு வெளியே நின்ற நினைவு வந்தது. கையை நீட்டினேன். வலப்பக்கத்தை எடுக்கப்போய் இடப்பக்கத்தை எடுத்தேன். நார் அவிழ மறுத்தது. மச்சாள் உதவிக்கு வரவில்லை.

நந்தியாவட்டை.

சுபா கையைக் கூப்பிக்கொண்டு அப்படியே இருந்துவிட்டாள். மச்சாள் படத்தைப் பார்த்து, "உங்களுக்கே வேண்டாமெண்டால் நான் என்ன செய்யிறது" என்றார். குசினிக்குள் போனார். எனக்கு உடம்பு முழுவதும் ஒரு சுகம் பரவியது. வெட்கமாகவும் இருந்தது. ஆனால் சுகம்தான் கூட.

மறுநாள் காலை சுபா வேலைக்குப் போய்விட்டாள். நான் படத்தடியைத் துப்புரவாக்கினேன். வாடிய மாலையைக் கழற்றினேன், சாம்பலைத் துடைத்தேன். தட்டில் மற்றப் பொட்டலம் கிடந்தது. வாடிய பூவை இலையோடு எறியலாம், ஆனால் வாழைநாரைச் சும்மா எறிய மனம் வராமல் அவிழ்த்தேன். ஊர்ப் பழக்கம் போகவில்லை.

இலைக்குள் இருந்ததும் நந்தியாவட்டை.

வேலியோரம் பார்த்தேன். செவ்வரத்தை மரம் நிறையப் பூத்து நின்றது. ஒன்றும் பறித்ததாகத் தெரியவில்லை. திரும்பினால் மச்சாள் தேத்தண்ணியோடு வாசலில் நிற்கிறார். என் கையைப் பார்த்தார். ஒளிக்கவும் இல்லை, திடுக்கிடவும் இல்லை.

"சுபாவுக்குச் சொல்லாதை."

"மச்சாள், நீங்கள்தானே போடத்தான் வேணும் எண்டு நிண்டனீங்கள்."

"அவருக்காக நிண்டன். பிள்ளைக்காகக் கட்டினன்." தேத்தண்ணியை என் கையில் தந்தார். "அந்த ஆள் எல்லாம் யோசிச்சு எழுதினவர். பூக் கட்டுறது ஆரெண்டு மட்டும் யோசிக்கேல்லை."

பிறகு, "அதை அடுப்புக்கை போடு" என்றார். போட்டேன். ஈர இலை எரிய நேரமெடுத்தது.

கல்வெட்டு தேவாரத்தோடும் திருப்புகழோடும் நல்லபடியாக வந்தது. அந்தியேட்டி அன்று அவர்கள் வந்து ஒன்று வாங்கிக்கொண்டு போனார்கள். கதைக்காத மனிதர் படலையடியில் நின்றே பக்கங்களைப் புரட்டிப் பார்த்தார். கடைசிப் பக்கம் வரைக்கும் பார்த்தார். எதையோ தேடுகிறவர்போல இருந்தது.

8

இனி இந்த வருடத்துக்கு வருகிறேன். மாறன் வளர்ந்துவிட்டான். தமிழ் கதைப்பான், வாசிக்கமாட்டான். மாமாவின் கட்டுரைகளைக் கைபேசியில் போட்டு ஜெர்மனுக்கு மாற்றி வாசித்திருக்கிறான். எனக்குத் தெரியாது. நேற்று வாக்குச்சீட்டு உறையை மேசையில் வைத்தேன். தனக்கு வந்ததை அப்படியே குப்பைக்கூடையில் போட்டான்.

"என்ன செய்யிறாய்?"

"டெமோக்ரட்டி பொய் எண்டு மாமாவே எழுதியிருக்கிறார் அம்மா."

"மாமா ஒரு தேர்தலும் விடாமல் வாக்குப் போட்டவர்."

"அது எழுத்திலை இல்லையே" என்றான்.

இணையத்தில் யாரோ வெள்ளைக்காரர்கள் மக்களாட்சி வேண்டாம், பலமான ஒருவன் போதும் என்று கத்துகிறார்களாம். அவன் அவர்களைக் கேட்கிறான். அண்ணையையும் அந்த வரிசையில் நிறுத்தியிருக்கிறான். வாக்கில்லாதவனுக்காக எழுதிய மனிதரை, மற்றவரின் தலைவிதிக்குக் கை தூக்குகிறவர்களின் மகன்மாரோடு கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டான். இதை விளங்கப்படுத்த என் ஜெர்மன் போதாது, அவன் தமிழும் போதாது.

அடுத்தது அதைவிட மோசம். 'முற்றம்' கட்டுரையை ஜெர்மனில் தன் பக்கத்தில் போடப்போகிறானாம், மாமாவின் உண்மைப் பெயரோடும் படத்தோடும். திவசத்தன்று. அதுதான் அவருக்குச் செய்கிற மரியாதை என்கிறான்.

"சுபா அக்கா அங்கை இருக்கிறா. அவவின்ரை நியமனம் இன்னும் வரேல்லை."

"அம்மா, இது சுவிஸ். ஆர் பாக்கப்போயினம்? உங்களுக்கு எல்லாத்துக்கும் பயம்."

ஓம், எல்லாத்துக்கும் பயம்தான். அந்தப் பயம்தான் உன்னை இவ்வளவு தூரம் கொண்டுவந்தது என்று சொல்ல வாயெடுத்தேன், சொல்லவில்லை. அவன் என்னைக் கோழை என்று முடிவுகட்டி நாளாகிவிட்டது. வேண்டாம் என்றால் இன்றிரவே போட்டுவிடுவான் என்று தெரியும்.

"பூக்கட்டிப் பாப்பம்" என்றேன். என்னவென்று கேட்டான். விளங்கப்படுத்தினேன். சிவப்பென்றால் போடு, வெள்ளையென்றால் விடு, நீயே எடு என்றேன். மாமாவுக்குச் சீட்டுக் குலுக்கல் பிடிக்கும் என்பதை அவன் வாசித்திருக்கிறான். முகம் மலர்ந்துவிட்டது. அதுதான் நியாயமான முறை என்றான், வருகிறதை ஏற்றுக்கொள்வேன் என்று கையடித்துச் சத்தியமும் செய்தான்.

இன்று வேலை முடிந்ததும் பூக்கடைக்குப் போனேன். எங்கள் பல்கணியில் ஜெரானியம் பூத்துக் குலுங்குகிறது, இந்தக் கட்டடத்தில் எல்லாப் பல்கணியிலும் அதுதான், எல்லாம் சிவப்பு. சிவப்புக்குக் குறைவில்லை. ஒரு வெள்ளைப் பூ மட்டும் இருந்தால் போதும்.

கடைக்காரப் பெண் நான் காட்டிய வெள்ளைப் பூவை வாளியிலிருந்து எடுத்து, தண்ணீரை உதறி, எத்தனை வேண்டும் என்று மரியாதையாகக் கேட்டாள்.

இரண்டு என்றேன்.